தோள் மட்டும் விழுந்த போட்டோ

ஸ்கூல் வேன் ஓட்டுகிறவனுக்கு ரோடு பெரிய விஷயம் இல்லை. கண்ணாடியில் தெரிகிற பின்சீட்டுதான் வேலை. குற்றாலத்தில் ஏற்றித் தென்காசியில் இறக்குகிறேன். பெண்பிள்ளைகள் வேன். இதே தொழிலில் கிடந்து அவதிப்படுகிறவர்களுக்கும், பெண்ணைப் பெற்றவர்களுக்கும் நான் விளக்க வேண்டியதில்லை.

பெட்டி

பள்ளிக்கூடத்துக்குள் போன் கூடாது. கேட்டில் இறங்கும்போது என்னிடம் தந்துவிடுவார்கள். டேஷ்போர்டுப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிடுவேன். மெசேஜ் வந்து வந்து சாயங்காலம் வரை உள்ளே கிடந்து நடுங்கும். டீ குடிக்க வந்த அடுத்த வேன் டிரைவர் காது கொடுத்துக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "பிள்ளைங்க உள்ள படிக்குதுவ அண்ணாச்சி. சண்டை இங்கன நடக்கு."

சீட்டு

ரம்யாவும் ஷமீமாவும் பத்தாம் வகுப்பு. சின்ன வகுப்பிலிருந்தே பின்சீட்டில் ஒட்டித்தான் உட்காருவார்கள். ஒரு திங்கட்கிழமை ஷமீமா ஏறியதும் எனக்குப் பின்னால் உள்ள ஒற்றைச் சீட்டில் உட்கார்ந்துவிட்டாள். இரண்டு பேரிடமும் சத்தம் இல்லை. சத்தம் இல்லாத சண்டை எனக்குப் பிடிக்காது. ஷமீமாவிடம் என்னட்டி என்றேன்.

"சண்டையெல்லாம் போடல தாத்தா. அவ போட்டோவுக்கு நான் லைக் போடல."

தோள்

இரண்டு நாள் கழித்து, இறங்கும்போது ஷமீமா போனை நீட்டினாள். போன சீசனில் ஐந்தருவிப் பக்கம் வேனை நிறுத்தச் சொல்லி எடுத்த படம். எடுத்ததே நான்தான். ஐந்து பேர் நின்றார்கள். இப்போது ரம்யா புதிதாகப் போட்டிருப்பதில் நாலு பேர். கீழே 'உண்மையான தோழிகள் மட்டும்' என்று எழுத்து.

"அஞ்சாவது ஆள் எங்கட்டி?" என்றேன். படத்தின் ஓரத்தில் விரலை வைத்தாள்.

"இந்தத் தோளு நான்தான் தாத்தா."

வயிற்றுவலி

மறுநாள் முதல் ஷமீமா வரவில்லை. ஹாரன் அடித்தால் அவள் அம்மாதான் வெளியே வருவார். வயிற்றுவலியாம். சோறு இறங்கவில்லையாம். போன் மட்டும் கையை விட்டு இறங்கவில்லை. பரீட்சை நெருங்குகிற நேரத்தில், வேறு பள்ளிக்கூடத்தில் சேர்த்துவிடு என்று அழுகிறாளாம்.

"அவ வாப்பா சவுதியில இருந்து கேக்காங்க அண்ணாச்சி, பிள்ள ஏன் ஸ்டேட்டஸே மாத்தலன்னு."

ஹாரன்

அடுத்த வாரமும் அதே கதை. ஒருநாள் ஷமீமா வீட்டு வாசலிலேயே எஞ்சினை அணைத்தேன். ரம்யாவின் முகமும் சரியில்லை.

"படத்தை அன்னைக்கே எடுத்துட்டேன் தாத்தா. சாரின்னு மெசேஜ் போட்டேன். பாக்கவே மாட்டேங்கா."

"வாசல் இந்தா இருக்கு. இறங்கிப் போ."

"நேர்ல போயி என்ன சொல்லணும்?"

"எனக்கென்ன தெரியும். சீக்கிரம் சொல்லு."

போனாள். நான் ஹாரனில் இருந்து கையை எடுக்கவில்லை. ஒருவழியாக இரண்டு பேரும் வந்தார்கள். இரண்டு பேர் கண்ணும் வீங்கியிருந்தது. பின்சீட்டில் போய் உட்கார்ந்தார்கள். இலஞ்சி தாண்டியதும் கண்ணாடியில் பார்த்தேன். நடுவில் காற்றுப் போக இடமில்லை. ஷமீமாதான் முதலில் வாயைத் திறந்தாள்.

"தள்ளி இருட்டி, தோளு இடிக்கு."

அன்றைக்கு பெல் அடித்த பிறகு வேனைக் கொண்டுபோய் ஹெட்மிஸ்ட்ரஸிடம் திட்டு வாங்கியவன் நான்தான். அதற்கு ஒருத்தியும் லைக் போடவில்லை.