உத்தமபாளையத்தில் எனக்கு வைத்த பேர்

உத்தமபாளையம் பஸ் ஸ்டாண்டு, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். கண்டக்டர் விசில் ஊதி ஓய்ந்துவிட்டார், பஸ் கிளம்பவில்லை. படிக்கட்டுப் பக்கத்தில் காது கேளாத ஐந்தாறு பேர் கைகளால் விடைபெற்றுக்கொண்டே இருக்கிறார்கள். ஒருவர் ஏறுகிறார், ஏதோ நினைவு வந்து மறுபடி இறங்குகிறார். நான் தேனியில் மதுரை பஸ்ஸைப் பிடித்தாக வேண்டும். வாட்ச்சைத் தட்டித் தட்டிப் பார்க்கிறேன்.

“கோவிச்சுக்கிறாதீகக்கா,” என்கிறாள் பக்கத்து சீட்டுப் பெண். ஏறி இறங்குகிறவரின் மனைவி. இவளுக்குக் காது கேட்கும். “மாசம் ஒருக்கத்தான் கூடுறாக. எங்க ஊர்ல இவுக பாஷை பேச என்னைய விட்டா ஆளு இல்ல.”

வெளியே அத்தனை பேரும் என் ஜன்னலைப் பார்த்துக் குலுங்கிச் சிரிக்கிறார்கள்.

“என்னவாம்?”

அவள் முந்தானையால் வாயைப் பொத்துகிறாள். “உங்களுக்குப் பேரு வச்சிட்டாக. அவுகளுக்குள்ள ஆளுக்கொரு பேரு, கையாலதான். என் பேரு இது.” கன்னத்து மச்சத்தைத் தொட்டுக் காட்டுகிறாள்.

“என் பேரு?”

உதட்டைப் பிதுக்கி, மணிக்கட்டை வெடுக்கென்று தட்டுகிறாள். அச்சு அசல் நானேதான். கோபம் போன இடம் தெரியவில்லை, சிரித்துவிடுகிறேன்.

ஒருவழியாக அவர் ஏற, பஸ் நகர்கிறது. கத்தினாலும் கேட்காத தூரம் வந்த பிறகும் பின்கண்ணாடி வழியாக அவர் பேச்சு ஓடுகிறது. நானும் ஜன்னலுக்கு வெளியே எட்டி, உதட்டைப் பிதுக்கி, மணிக்கட்டைத் தட்டி, அவர்களுக்கு என் பேரைச் சொல்கிறேன்.

தூரத்தில் எல்லாக் கைகளும் மேலே எழுகின்றன, விரல்கள் படபடக்கின்றன.

“கைதட்டுறாகக்கா,” என்கிறாள் அவள். “உங்களுக்குத்தான்.”