தலைவர் கொடுத்த மோர்

அந்தப் பழைய ஃப்ரிட்ஜின் கதவு சரியாக மூடாது. செங்கல்லை முட்டுக்கொடுத்துத்தான் வைத்திருப்பார். சவூதியில் தம்மாமுக்கு வெளியே, எங்கள் தொழிலாளர் கேம்புக்கு எதிரே, வெறும் மணலில் தகரம் போட்டு முதல் மளிகைக்கடை வைத்தவர் அவர். அப்போது அங்கே ரோடுகூடக் கிடையாது. ஊரிலிருந்து புதிதாக வந்து இறங்கும் ஒவ்வொருவனுக்கும் அதிலிருந்து ஒரு லபன் பாட்டிலை எடுத்து நீட்டுவார். "குடிங்க தம்பி. இந்த மோர் உள்ள போனா அழுகை நின்னுரும்." எனக்கும் என் அண்ணனுக்கும் நின்றது.

பிறகு ரோடு வந்தது, கட்டடங்கள் வந்தன, அவருக்குக் கடைமேல் கடை வந்தது. அங்கே தமிழர் சங்கம் ஆரம்பித்தபோது தலைவர் யார் என்று யாரும் கேட்கக்கூட இல்லை. விசா கொடுத்த அரபு முதலாளி கபீலிடம் பேச, போலீசில் மாட்டியவனை மீட்க, இறந்தவனை ஊருக்கு அனுப்ப அவரை விட்டால் எங்களுக்கு ஆளில்லை. "நான் இருக்கேன்ல" என்பார். இருந்தார்தான், அதை நான் மறுக்கவில்லை.

அண்ணன் சைட்டில் வெயிலில் சுருண்டு விழுந்து இறந்தபோதும் அதையேதான் சொன்னார். அம்மா போனில் கேட்டது ஒன்றே ஒன்று: "எம்புள்ள மூஞ்சிய ஒருதரம் காட்டிருப்பா." உடல் ஆஸ்பத்திரிக் குளிர்பெட்டியில் கிடந்தது. "பேப்பர் வரல தம்பி" என்றே சொல்லிக்கொண்டிருந்தார் தலைவர். வாரங்கள் ஓடின. ஊரில் தேர்தல் அறிவித்து, அவருக்கு சீட்டும் கிடைத்த பிறகு பேப்பர் வந்துவிட்டது. அண்ணனின் பெட்டியோடு நான் வந்த விமானத்திலேயே அவரும் வந்தார். திருச்சியில் கேமராக்களுக்கு முன்னால் பெட்டிக்குத் தோள் கொடுத்துத் தேம்பித் தேம்பி அழுதார். "நாளாயிருச்சு, திறக்க வேணாம்மா" என்று அம்மாவைத் தடுத்ததும் அவர்தான். அந்த அழுகைப் படம் தொகுதிச் சுவரெல்லாம் ஒட்டப்பட்டது. ஜெயித்தார்.

தம்மாமுக்குத் திரும்பி வந்து கம்பெனி ஆபீசில் விசாரித்தேன். "பேப்பரெல்லாம் அவர் இறந்த மறுவாரமே முடிஞ்சுதே பாய், உங்க தலைவர்தானே வாங்கிட்டுப் போனாரு?" என்றார் கிளார்க். தலைவரை நான் மன்னிக்கவில்லை; மன்னிக்கும் உத்தேசமும் இல்லை.

தகரக்கடை இருந்த இடத்தில் இப்போது அவருடைய சூப்பர் மார்க்கெட். கல்லாவுக்கு மேலே கைகூப்பிய எம்.எல்.ஏ. படம். வரிசையாகக் கண்ணாடி ஃப்ரிட்ஜுகள்; கதவெல்லாம் கச்சிதமாக மூடுகின்றன. நேற்று அங்கே ஒரு லபனைக் கையில் எடுத்த நேரம் அம்மாவின் போன். எப்போதும் கேட்பதைத்தான் கேட்டாள்.

"ஏம்ப்பா, அந்தப் பெட்டிக்குள்ள இருந்தது நெசமாவே அவந்தானா?"

"அவன்தாம்மா" என்றேன். பாட்டிலை எடுத்த இடத்திலேயே வைத்துவிட்டு வெளியே வந்தேன்.