கட்டியக்காரனிடம் கொடுத்த புகார்

இரவு பத்தேகாலுக்கு எதிர்வீட்டு மைக்செட்காரன் புளியமரத்தில் ஏறி, ஒலிபெருக்கிக் குழாயை எங்கள் ஜன்னலுக்கு நேராகத் திருப்பிக் கட்டினான். காலையில் மகளுக்கு ப்ளஸ் டூ கணக்குப் பரீட்சை. பஸ் ஹாரன், லாட்ஜ் ஜெனரேட்டர், பௌர்ணமி கிரிவலக் கூட்டம் என்று எங்கள் தெரு தூக்கத்தையே மறந்திருந்தது. ஒரு வாரமாக அவள் சரியாகக் கண் மூடவில்லை. போன பரீட்சையில் ஹாலிலேயே தலை சாய்ந்துவிட்டாள்.

"கொஞ்சம் திருப்பிக் கட்டுப்பா" என்று கெஞ்சினேன்.

"அம்மன் கோயில் கூத்து சார். காதுல பஞ்சு வெச்சிக்கினு படுக்கச் சொல்லுங்க."

அவன் வீட்டுப் பக்கம் ஒரு குழாய்கூட இல்லை. அவன் குழந்தைகள் நிம்மதியாகத் தூங்கின.

அந்தப் பஞ்சை நான் மன்னிக்கவில்லை.

எங்கள் பக்கத்துக் கூத்தில் கோமாளியாக வரும் கட்டியக்காரன், கதைக்கு நடுவே ஊர்க்காரர்களையும் கிண்டல் செய்வான். வேஷம் கட்டும் இடத்தில் போய்க் காதோடு சொன்னால் போதும். கிண்டலுக்கு ஆளானவன் கோபப்படக் கூடாது. பாதி முகத்தில் அரிதாரத்தோடு உட்கார்ந்திருந்தவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

கூத்துச் சபையில் ராஜா கேட்டார்: "நாட்டு மக்கள் சௌக்கியமா?"

"ஜாஸ்தி சௌக்கியம் ராஜா! ஒருத்தனும் தூங்கறதில்ல. மைக்செட்காரன் வூடு மட்டும் தூங்குது. குழாயெல்லாம் அடுத்தவன் ஜன்னல் பக்கம், குறட்டை மட்டும் அவன் வூட்டுப் பக்கம்!"

"அவனுக்கு இன்னா தண்டனை?"

"அந்தக் குழாய்க்குள்ளயே பாய் போட்டுப் படுக்க வைங்க!"

கூட்டம் மொத்தமும் மைக்செட்காரனைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தது. முன்வரிசையில் அவன் மனைவியும் சிரித்தாள். அவன் தலை கவிழ்ந்ததைக் கண் குளிரப் பார்த்தேன். இன்று நினைத்தாலும் இனிக்கிறது.

அந்தச் சிரிப்பும் அதே குழாய் வழியாகத்தான் எங்கள் வீட்டுக்குள் போயிருக்கும் என்பது அப்புறம்தான் உறைத்தது. ஓடினேன். மகள் எழுந்து உட்கார்ந்திருந்தாள்.

"அப்பா, இது உன் வேலைதானே?" என்று வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

சற்று நேரத்தில் குழாய் வேறு பக்கம் திரும்பியது. சத்தம் பாதியாய்க் குறைந்தது. அவள் சிரித்த முகத்தோடு அப்படியே தூங்கிப்போனாள். மூச்சுவிடவும் பயந்து கால்மாட்டில் உட்கார்ந்திருந்தேன்.

கதவு அதிர்ந்தது. வெளியே மைக்செட்காரன் கூத்துச் சத்தத்துக்கு மேலே கேட்க வேண்டுமென்று தொண்டை கிழியக் கத்தினான்:

"சார்! சார்! குழாயை எங்க வூட்டுப் பக்கமே திருப்பிட்டேன் சார்! பாப்பா தூங்கிடுச்சா?"