கழுத்து வழியாக வந்த மூச்சு

பால்வெட்டுக் கத்தி கையிலிருந்து நழுவி விழுந்ததுதான் தொடக்கம். குனிந்து எடுத்தேன். மறுபடியும் விழுந்தது. அதற்கு முந்தைய வாரம் காய்ச்சலும் வயிற்றுப்போக்கும் வந்து போயிருந்தன. உடம்பில் தெம்பு திரும்பவில்லை போலும் என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் உள்ளங்காலில் எறும்பு ஊர்வது போலிருந்தது. அடுத்த மரத்துக்கு நடந்தபோது முழங்கால் தானாக மடங்கியது.

அது மலாயாவில் அவசரகாலம்; ஆங்கிலேய அரசு கம்யூனிஸ்டுகளோடு சண்டையிட்ட ஆண்டுகள். கோல சிலாங்கூருக்கும் ரவாங்குக்கும் நடுவிலிருந்த எங்கள் ரப்பர் தோட்டத்து வரிசை வீடுகளான லயங்களைச் சுற்றி முள்கம்பி வேலி போட்டிருந்தார்கள். காலையில் கேட்டில் சோதனை முடிந்த பிறகுதான் வேலைக்குப் போகலாம். காட்டிலிருக்கும் கம்யூனிஸ்டுகளுக்குப் போய்விடும் என்று சோற்றுப் பொட்டலம்கூட எடுத்துப்போக விடமாட்டார்கள். அதனால் நடுக்கம் வந்தால் பசி என்றுதான் எல்லோரும் நினைப்போம். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

வீட்டுக்கு வந்து மகளைத் தூக்கக் குனிந்தேன். செல்விக்கு அப்போதுதான் பல் முளைத்துக்கொண்டிருந்தது. தாய்ப்பால் மறக்காத குழந்தை. இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு நின்றாள். என்னால் தூக்க முடியவில்லை.

தோட்டத்து மருந்தகத்தைப் பார்த்துக்கொண்ட டிரசர் என் முழங்காலில் தட்டிப் பார்த்தார். கால் துள்ளவில்லை. என் கணவர் கோவிந்தனிடம் திரும்பினார். "இது நம்ம கையில இல்ல தம்பி. லோரிய எடுங்க" என்றார்.

கணவர் தோட்டத்து லோரி ஓட்டுநர். குழந்தையை நாத்தனாரிடம் விட்டுவிட்டு என்னைக் கோல சிலாங்கூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். அங்கிருந்து ஆம்புலன்சில் கோலாலம்பூருக்கு அனுப்பினார்கள். போய்ச் சேர்ந்தபோது கைகளும் போய்விட்டன. பேசினால் பாதி வாக்கியத்தில் மூச்சு தீர்ந்தது.

அங்கே என்னைப் பார்த்தவர் யாழ்ப்பாணத்து மருத்துவர். மயக்கமருந்து கொடுப்பதில் தேர்ந்தவர். பல்நரம்பழற்சி என்றார் (உடம்பெங்கும் நரம்புகள் வீங்கித் தசைகளை இயக்க முடியாமல் போகும் நோய்). "பிள்ளை, பயப்பிடாதேங்கோ. நரம்பு திரும்பத் தேறும். அதுவரைக்கும் உங்களுக்கு நாங்கள் மூச்சுக் குடுக்கவேணும்."

மயங்க வைத்து, வாய் வழியாக மூச்சுக்குழலுக்குள் சிவப்பு ரப்பர் குழாய் ஒன்றைச் செலுத்தினார்கள். அதன் மறுமுனையில் கறுப்பு ரப்பர் பை. அதைக் கையால் அழுத்தினால் என் நெஞ்சு எழும்பும். விட்டால் தாழும். இரும்புப் பெட்டி மாதிரி ஒரு மூச்சு இயந்திரம் அங்கே இருந்தது. அதில் இளம்பிள்ளைவாதம் வந்த ஒரு குழந்தை கிடந்தது. எனக்கு மனிதக் கைகள்தான். தாதிகளும் பணியாளர்களும் முறை வைத்துக்கொண்டு அழுத்தினார்கள்.

வாய்க்குழாய் என்னைக் காப்பாற்றியது. அதை முதலில் சொல்லிவிட வேண்டும். கத்தி தேவையில்லை, சில நிமிடங்களில் போட்டுவிடலாம், மூச்சு நிற்கப் போகிறவருக்கு அதைவிட விரைவான வழி இல்லை. ஆனால் மயக்கம் தெளிந்தவருக்கு அது பெரும் துன்பம். நாக்கு ஒரு பக்கம் நசுங்கிக் கிடந்தது. எச்சில் விழுங்க முடியவில்லை. ஓயாமல் குமட்டியது. சளி உறிஞ்சும்போது மூழ்குவது போலிருந்தது. உதட்டோரம் புண்ணானது.

அந்த நிலையிலும் மார்பில் பால் சுரந்தது. கை கால் அசையாத உடம்பு அதை மட்டும் நேரம் தவறாமல் செய்துகொண்டிருந்தது. சட்டை நனைந்து குளிரும். துடைத்துக்கொள்ளக் கையில்லை, சொல்ல வாயில்லை. சீனத் தாதி ஒருத்தி பார்த்துவிட்டு மார்பை இறுக்கித் துணி கட்டினாள். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டது எனக்குத் தெரிந்தது.

சில நாள் கழித்து மருத்துவர் கணவரையும் என் அப்பாவையும் கட்டிலருகே அழைத்தார். அப்பா கலும்பாங் பக்கத்துத் தோட்டத்திலிருந்து வந்திருந்தார். மூச்சுக்குழல் துளைப்பு செய்ய வேண்டும் என்றார் மருத்துவர் (கழுத்தின் முன்பக்கம் சிறு துளையிட்டு, அதன் வழியே குழாய் வைப்பது).

அப்பா எழுந்துவிட்டார். "எங்க தோட்டத்து மண்டோரு நெரையில எப்படிக் கெடந்தாருன்னு பாத்தவன்யா நான். எம்பொண்ணு கழுத்துல கத்தி வைக்க விடமாட்டேன்."

அந்த மேற்பார்வையாளரின் கழுத்தைக் கம்யூனிஸ்டுகள் அறுத்து ரப்பர் மரங்களுக்கு நடுவே போட்டிருந்தார்கள். பிணத்தைத் தூக்கியவர்களில் அப்பாவும் ஒருவர். மருத்துவருக்கு அது தெரியாது. ஆனாலும் குரலை உயர்த்தவில்லை.

"ஐயா, வாயால போட்ட குழாய் அவசரத்துக்கு. கனநாளைக்கு வைச்சிருக்க ஏலாது. தொண்டை புண்ணாகும், சளி அடைக்கும். கழுத்தால எண்டால் நுரையீரலுக்கு வழி கிட்ட. சளியை லேசா எடுக்கலாம். வாய்க்கும் நாக்குக்கும் விடுதலை."

"பேச்சு வருமா சார்?" என்று கணவர் கேட்டார்.

"குழாய் இருக்குமட்டும் கதைக்க ஏலாது. பிறகு வரும். பழைய குரல் அப்பிடியே வருமெண்டு நான் சத்தியம் பண்ணமாட்டன்." பிறகு என்னைப் பார்த்தார். "அவவுக்கு எல்லாம் கேக்குது. அவவையே கேளுங்கோவன்."

கணவர் என் முகத்துக்கு நேரே குனிந்தார். புருவத்தில் செம்மண் தூசி ஒட்டியிருந்தது. "மீனா, சரின்னா ஒரு தடவ கண்ண மூடித் தொற. வேணாம்னா ரெண்டு தடவ."

ஒரு முறை மூடித் திறந்தேன். இமைகளும் தளர்ந்துகொண்டிருந்த நேரம் அது. இரண்டாவது முறை தானாக மூடிவிடுமோ என்று பயந்து, கண்ணீர் வழிய வழிய கண்ணை அகல விரித்து வைத்திருந்தேன். அப்பா தலைத்துண்டை வாயில் பொத்திக்கொண்டு தாழ்வாரத்துக்குப் போய்விட்டார்.

அறுவை முடிந்து விழித்தபோது வாய் காலியாக இருந்தது. நாக்கால் ஒவ்வொரு பல்லாகத் தொட்டுப் பார்த்தேன். தாதி பஞ்சில் தண்ணீர் நனைத்து உதட்டில் வைத்தாள். கழுத்தில் எரிச்சல் இருந்தது, புண்ணைச் சுத்தம் செய்யும்போது உயிர் போகும். ஆனால் அந்தக் குமட்டல் இல்லை. உதடுகளைச் சேர்க்க முடிந்தது. சத்தமில்லாமல் 'செல்வி' என்றேன். கணவர் புரிந்துகொண்டார்.

"அக்கா பாத்துக்குது. டின்பால்தான் குடுக்குறோம். கடையில டின்ன ஓட்ட போட்டுத்தான் குடுக்கறான், காட்டுக்குப் போயிடக் கூடாதாம். சீக்கிரம் கெட்டுப் போவுது. மொத ரெண்டு நாளு துப்பிட்டா. இப்ப குடிக்கிறா, கவலப்படாத."

குடிக்கிறாள் என்றதும் நிம்மதியாக இருந்தது. இனி என்னிடம் பால் கேட்கமாட்டாள் என்று அப்புறம்தான் உறைத்தது.

அப்பா ஊர் திரும்பவில்லை. மருத்துவர் அவருக்குப் பையை அழுத்தக் கற்றுக்கொடுத்தார். கழுத்தைப் பார்க்காமல் என் பாதங்களைப் பார்த்தபடியே அழுத்துவார். சில நாளில் கைகளை வைத்தே ஆளைக் கண்டுகொள்ளப் பழகிவிட்டேன். அப்பா தரும் மூச்சு நீளமானது. தாதியுடையது சுறுக்கென்று வரும். கணவருடையது என் மார்பு கேட்கிற நேரத்தில் வரும். அவர் பையைப் பார்க்கமாட்டார்; என் முகத்தைத்தான் பார்ப்பார்.

பிறகு அவர் வரவில்லை. லோரி பட்டணத்துக்கு வரும் நாளில் தவறாமல் வருகிறவர். ஒரு வாரம் போனது, இன்னொரு வாரமும் போனது. ரவாங் சாலையில் ஒரு லோரியைச் சுட்டுவிட்டதாக வார்டில் பேச்சு.

"யாரு லோரின்னு தெரியல, தாயி" என்றார் அப்பா. அவருக்கு என் உதட்டைப் படிக்கத் தெரியாது. நான் கேட்டுக்கொண்டே இருந்தேன். அவர் தண்ணீர் வேண்டுமா என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

கை மாறும்போதெல்லாம் கண்ணை மூடிக்கொள்வேன். முதல் மூச்சு வரும். அவர் இல்லை என்று தெரிந்துவிடும். பிறகு கண்ணைத் திறக்கவே மனம் வராது. வாழ்வில் நான் எதற்கும் அவ்வளவு ஏங்கியதில்லை.

ஒரு மத்தியானம் கை மாறியது. கண்கள் மூடியிருந்தன. என் மார்பு கேட்ட நேரத்தில் மூச்சு வந்தது. உடனே திறக்கவில்லை. இன்னொன்று வரட்டும் என்று காத்திருந்தேன். அதுவும் சரியான நேரத்தில் வந்தது.

"தோட்டத்தையே அடச்சுட்டாங்க, மீனா" என்றது அவர் குரல். "முழு நாள் ஊரடங்கு. ஒரு ஆள வெளிய வுடல."

மெதுவாகத் தோள் அசைந்தது. விலா அசைந்தது. பையில்லாமல் சிறிது நேரம், பிறகு அரைநாள், பிறகு நாள் முழுதும் மூச்சு விட்டேன். ரப்பர் குழாயை எடுத்துவிட்டுச் சிறிய உலோகக் குழாய் வைத்தார்கள். மருத்துவர் அதன் வாயை விரலால் மூடினார். "இப்ப ஏதாவது சொல்லுங்கோ."

"என்னங்க" என்றேன் கணவரைப் பார்த்து. சருகு மிதிபடுவது போல ஒரு சத்தம் வந்தது. அவர் சிரித்தார், சிரித்துக்கொண்டே சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

வீடு திரும்பியபோது செல்வி நடக்கக் கற்றிருந்தாள். என்னைக் கண்டதும் நாத்தனாரின் கைலிக்குப் பின்னால் ஒளிந்தாள். "அம்மாடி, வா" என்றேன். அந்தக் கரகரப்பைக் கேட்டு அழுதாள். அவள் தானாக வந்து மடியில் உட்காரப் பல வாரங்கள் ஆயின. மார்பு அதற்குள் வற்றிவிட்டது.

இதை இப்போது எழுதக் காரணம், எங்கள் வீட்டு வரிசையில் வசிக்கும் ஒரு குடும்பம் ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் நிற்கிறது. தங்கள் நோயாளிக்குக் கழுத்தில் துளை என்றதும், எல்லாம் முடிந்தது என்று அழுகிறார்கள். இன்று இயந்திரங்கள் மூச்சுத் தருகின்றன, குழாய்களும் மென்மையாகிவிட்டன. ஆனாலும் பயம் அதே பயம்தான். வாய்க்குழாயே போதுமா, எத்தனை நாள் தேவைப்படும், பிறகு துளை மூடுமா என்று மருத்துவரிடம் கேளுங்கள். ஒவ்வொருவர் நோயும் வேறு. எனக்கு ஆனது எல்லோருக்கும் ஆகும் என்று சொல்லமாட்டேன். படுத்திருப்பவருக்கு நினைவிருந்தால் அவரையும் கேளுங்கள்.

என் துளை மூடிவிட்டது. பழைய குரல் வரவில்லை. செல்விக்கு இந்தக் குரல்தான் அம்மாவின் குரல். இதைக் கேட்டுத்தான் உறங்கினாள், வளர்ந்தாள். முந்தைய குரலைக் கேட்டவர்களில் அப்பா முதலில் போனார், பிறகு நாத்தனார். போன ஆண்டு கணவரும் போய்விட்டார். எனக்கு ஒருகாலத்தில் வேறொரு குரல் இருந்ததென்று சொல்ல இப்போது ஆளில்லை.

சும்மா உட்கார்ந்திருக்கும்போது ஒன்றைக் கவனிக்கிறேன். மூச்சை விட்ட பிறகு அடுத்ததை நானாக உடனே இழுப்பதில்லை. சற்று நேரம் மார்பு காத்திருக்கிறது. அந்தச் சிறு இடைவெளியில் எனக்கு வயதாகவில்லை. தோட்டம் அடைபட்டுக் கிடக்கிறது, சாலை இன்னும் திறக்கவில்லை, அவர் வந்துகொண்டிருக்கிறார்.