பாய்லர் செங்கல்லில் கட்டிய சாமி

சுடலைக்கண்ணனுக்குப் பொய் சொல்ல வராது. ஆயுசுக்கும் அவர் சொன்னது ஒரே ஒரு பொய்தான். அதையும் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

தருவைகுளம் போகிற ரோட்டில், உப்பளங்களுக்கு நடுவே இருந்த ஒரு ரசாயனக் கம்பெனியில் அவர் வாட்ச்மேன். கம்பெனி நொடித்துப்போய்க் கதவைச் சாத்தியது. சொத்தை விற்றுக் கடனையும் பாக்கியையும் தீர்க்கக் கோர்ட் நியமித்த லிக்விடேட்டர் வந்து, பூட்டுக்கு முத்திரை வைத்து, "பாத்துக்கோங்க" என்று அவரிடம் சொல்லிவிட்டுப் போனார். கேட்டை ஒட்டிய ஒற்றை அறைக் குவார்ட்டர்ஸில் சுடலைக்கண்ணன், மனைவி செல்லத்தாய், சின்னப்பிள்ளையாக இருந்த மகன் செந்தூர்வேல், இவர்கள் மட்டும் மிஞ்சினார்கள்.

ஆளில்லாத நிலத்தைப் பார்த்தால் நம் ஆட்களுக்குக் கை சும்மா இருக்காது. முதலில் பின்சுவரில் ஓட்டை விழுந்தது. அப்புறம் அதன் வழியாக, இடத்தை வளைக்க வேலிக்கல் உள்ளே வந்தது. அவர் போர்டு வைத்தார், பிடுங்கி அடுப்பெரித்தார்கள். போலீஸில் சொன்னார், எழுதி வாங்கிக்கொண்டதோடு சரி. கையில் ஒரு கம்பை வைத்துக்கொண்டு ஒற்றை ஆள் என்னதான் செய்வார்?

தசராவுக்குச் செல்லத்தாய் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு குலசேகரன்பட்டினத்துக்கு, தாய்வீட்டுக்குப் போயிருந்தாள். அப்போதுதான் அவருக்கு அந்த யோசனை உதித்தது. இடிந்த பாய்லரிலிருந்து செங்கல்லை எடுத்துவந்து, சுவர் ஓட்டைக்கு நேரே இடுப்பளவு பீடம் ஒன்று கட்டினார். சுண்ணாம்பு அடித்துக் காவிப்பட்டை போட்டார். சுடலைமாடன் கனவில் வந்து இடம் கேட்டதாகச் சொன்னார். பேரிலேயே சாமியை வைத்திருக்கிற மனுஷன் சொன்னால் யார்தான் நம்ப மாட்டார்கள்? கல் நட்டவனே வந்து கல்லைப் பிடுங்கிக்கொண்டு, பீடத்தில் ஒரு சுருட்டையும் வைத்துக் கும்பிட்டுவிட்டுப் போனான்.

ஊரிலிருந்து திரும்பிய மனைவியிடமும் கனவு என்றுதான் சொன்னார். அவள் பயபக்தியோடு கன்னத்தில் போட்டுக்கொண்டபோது சிரிப்பை அடக்கிக்கொண்டார். உண்மையை மெதுவாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டார்.

செந்தூர்வேல் வளர்ந்து தோணியில் வேலைக்குப் போனான். மாலத்தீவுக்குச் சரக்கு ஏற்றிப் போன தோணி புயலில் கவிழ்ந்தது. மற்றவர்களைக் கரைசேர்த்தார்கள். அவன் கிடைக்கவில்லை, உடலும் கிடைக்கவில்லை. துக்கம் கேட்க வந்தவர்களைச் செல்லத்தாய் வாசலிலேயே நிறுத்தினாள்.

"செத்தவங்களுக்குல்லா அழணும்? எம்புள்ள வருவான்" என்றாள்.

பீடத்துக்கு ஒரு கிடாவை நேர்ந்துவிட்டாள். மகன் வந்ததும் வெட்டிப் பொங்கலிடுவதாக வேண்டுதல். வெள்ளிக்கிழமை தவறாமல் விளக்குப் போட்டாள். அந்தக் கிடா கிழடுதட்டிச் செத்துப்போனது. உடனே இன்னொரு குட்டியை நேர்ந்துவிட்டாள். இதற்கப்புறம் சுடலைக்கண்ணன் எந்த வாயைக் கொண்டு உண்மையைச் சொல்வார்?

போன வருஷம் நிலம் ஏலத்தில் போயிற்று. எடுத்தவர்கள் கண்டெய்னர் கிடங்கு கட்டுவதற்காக அளக்க வந்தார்கள். மனை விற்கிற பாண்டித்துரை குறுக்கே நின்றான். தாத்தா காலத்துக் கோயில் என்றான், சுற்றியுள்ள இடமெல்லாம் கோயிலுக்குப் பாத்தியம் என்று வழக்குப் போட்டான், கம்பிவேலியும் போட்டான். எந்த மாதிரி ஆளை விரட்டக் கட்டினாரோ, அந்த மாதிரி ஆளுக்கே பீடம் பட்டாவாகிவிட்டது. வழக்கு முடிந்தால்தான் நிலம் கைமாறும், கைமாறினால்தான் பழைய தொழிலாளிகளுக்குச் சேர வேண்டியது சேரும். அவர்களில் பாதிப்பேர் ஏற்கெனவே போய்ச் சேர்ந்துவிட்டார்கள்.

இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தரக் கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர் பிரேமா வருவதற்கு முந்தின நாள், பாண்டித்துரை வந்து சுடலைக்கண்ணன் தோளில் கை போட்டான்.

"அண்ணாச்சி, நீங்க பொய் சொல்ல வேண்டாம். தெரியாதுன்னு மட்டும் சொல்லுங்க. கோயில் நிக்கும். மதினியும் விளக்குப் போட்டுக்கிட்டு இருப்பாவல்லா?"

பாவி, சரியான இடத்தில் கை வைத்தான்.

மறுநாள் பீடத்தின் முன்னால் நின்று பிரேமா கேட்டார். "பெரியவரே, இந்தக் கோயில் எப்ப இருந்து இங்க இருக்கு?"

சுடலைக்கண்ணன் குவார்ட்டர்ஸைத் திரும்பிப் பார்த்தார். கதவு சாத்தியிருந்தது. செல்லத்தாய் கடைக்குப் போயிருந்தாள். தெரியாது என்று சொல்லத்தான் வாயெடுத்தார். கேட்டுக்கு வெளியே, அவரோடு வேலை பார்த்த ஆட்கள் வெயிலில் நின்றுகொண்டிருந்தார்கள். அவர்கள் முகத்தைப் பார்த்தபின் அவரால் முடியவில்லை.

"கோயில் இல்லம்மா. ஆளுவ உள்ள வரக்கூடாதுன்னு நாந்தான் கட்டுனேன். கனவும் வரல, ஒண்ணும் வரல. ஒடச்சுப் பாருங்க, கம்பெனி பேரு போட்ட பாய்லர் செங்கல்தான் இருக்கும்."

பிரேமாவோடு வந்த ஆள் ஓரத்துப் பூச்சைத் தட்டினான். செங்கல்லில் எழுத்துத் தெரிந்தது. பாண்டித்துரை அவரை ஏசிக்கொண்டே வெளியே போனான்.

சுடலைக்கண்ணன் திரும்பினார். வேலிக்கு அந்தப் பக்கம் செல்லத்தாய் நின்றுகொண்டிருந்தாள். கையில் விளக்கெண்ணெய் பாட்டில். அன்று வெள்ளிக்கிழமை என்பதை அவர் மறந்தே போயிருந்தார்.

அவள் சண்டைக்கு வந்திருந்தால்கூடத் தாங்கியிருப்பார். வழி தெரியாதவள் கேட்கிற மாதிரி கேட்டாள்.

"அப்போ, நான் இத்தன வருசமா யார்ட்டங்க கேட்டேன்?"

"ஏளா..." என்றார்.

அவள் வேப்பமரத்தடிக்குப் போய்க் கிடாவின் கழுத்துக் கயிற்றை அவிழ்த்துவிட்டாள். அது எங்கேயும் போகாமல் அவளையே உரசிக்கொண்டு நின்றது. செல்லத்தாய் அங்கேயே மண்ணில் உட்கார்ந்தாள். தலைமுடியை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு, மகன் பேரைச் சொல்லி, முதல் தடவையாக ஒப்பாரி வைத்தாள்.