நொச்சிமேடு என்று பேர் போட்ட புத்தகங்கள்

கள்ளக்குறிச்சியில் பணம் வைத்திருப்பவர்கள் நிறைய பேர். புத்தகம் வைத்திருக்கிற வாத்தியார்களும் உண்டு. ஆனால் நொச்சிமேடு என்கிற பேர் அச்சில் ஏறிய அத்தனை புத்தகத்தையும் ஒரே அலமாரியில் பூட்டி வைத்திருப்பவன் நான் ஒருத்தன்தான். தேக்கு அலமாரி. என் ஜவ்வரிசி மில் ஆபீசில், பணப்பெட்டிக்கு மேலே. யார் வேண்டுமானாலும் வந்து பார்க்கலாம். தொடத்தான் விடமாட்டேன்.

நான் படித்தது மூணாங்கிளாஸ். அதுவும் பாதி. எழுத்துக்கூட்டக் கற்றுக்கொண்டது லாரியில் கிளீனராகப் போனபோது. மைல்கல், கடைப் பலகை, சினிமா நோட்டீஸ், முன்னால் போகிற லாரியின் முதுகு, இதுதான் என் பாடப் புத்தகம். அந்தப் படிப்பை வைத்துத்தான் லாரி வாங்கினேன், மில் கட்டினேன். கல்வராயன் மலையில் விளைகிற மரவள்ளிக் கிழங்கு ஒரு காலத்தில் என் மில்லைத் தாண்டி எங்கேயும் போனதில்லை. இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை. பெருமைதான், இருக்கட்டும்.

நொச்சிமேடு கரியாலூருக்கு மேலே, என் சின்ன வயசில் ரோடு முடிந்த பிறகும் நடக்க வேண்டியிருந்த சின்ன ஊர். நான் பிறந்த ஊர். அப்படி ஒரு ஊரே கிடையாது என்று ஒரு அதிகாரி என் ஆபீசிலேயே உட்கார்ந்து என் டீயையே குடித்துக்கொண்டு சொன்னார். அன்றைக்குப் பிடித்தது இந்தப் பைத்தியம். புத்தகச் சந்தை எங்கே போட்டாலும் போய் நிற்பேன். "நொச்சிமேடுன்னு பேர் போட்ட புஸ்தகம் இருக்கா?" என்பேன். எழுதினவன் யார், கதையா சரித்திரமா, எதுவும் கேட்கமாட்டேன். கடைக்காரர்கள் சிரிப்பார்கள். சிரித்துவிட்டுத் தேடித் தருவார்கள்.

ஒரு சரித்திரப் புத்தகத்தில் நொச்சிமேடு வெறும் காடு, மனுஷ வாசனை கிடையாது. இன்னொன்றில் ஜாகீர்தாருக்குக் கூலியில்லாமல் வெட்டி வேலை செய்த ஊர்களில் அதுவும் ஒன்று. அந்தப் பக்கத்தை நான் பலமுறை படித்திருக்கிறேன், என் அப்பன் முதுகு அதில் இருக்கிறது. ஒரு நாவலில் திருடன் ஒளிகிற இடம். இன்னொரு நாவலில் நெல் வயலும் பெண்ணையாறும் வருகிறது. மலைமேல் ஏது பெண்ணையாறு? மணலூர்பேட்டைப் பக்கம் அதே பேரில் ஒரு ஊர் இருக்கிறதாம். புத்தகம்தான் வாங்கியாகிவிட்டதே. பேர் ஒன்றுதானே, இருந்துவிட்டுப் போகட்டும் என்று அதையும் உள்ளே வைத்தேன்.

பிறகுதான் அந்தக் கடைசி நாவல் வந்தது.

அதில் நொச்சிமேட்டில் ஒரு பெண். அழகி. ஜாகீர் ஆள் ஒருவன் அவளைத் தொந்தரவு செய்கிறான். மானத்துக்குப் பயந்து அருவியில் குதித்துவிடுகிறாள். ஊர் அவளுக்குக் கல் நட்டுக் கும்பிடுகிறது. கதை என்றால் இப்படித்தான் இருக்கும் என்று அலட்சியமாகத்தான் எழுத்துக்கூட்டிக்கொண்டு போனேன். ஒரு இடத்தில் நின்றுவிட்டேன். தலையில் கடுக்காய்க் கூடை. காலில் முள். அந்தப் பெண் கூடையை இறக்காமல், ஒற்றைக்காலில் நின்று, குனியாமல், காலை மடக்கித் தூக்கி முள்ளைப் பிடுங்கி எறிந்துவிட்டு நடக்கிறாள்.

அது என் அம்மா. அப்படி முள் எடுக்கிறவளை அந்த மலையில் வேறு யாரையும் நான் பார்த்ததில்லை.

என் அம்மா அழகி இல்லை. அருவியில் குதிக்கவும் இல்லை. கடுக்காய் உலுக்க மரம் ஏறினவள், கிளை முறிந்து விழுந்து செத்தாள். கோடைக்காலம். நான் அப்போது கீழே ரிஷிவந்தியத்தில் ஒரு பண்ணையில் மாடு மேய்த்துக்கொண்டிருந்தேன். என் சின்னம்மா, அம்மாவின் கூடப்பிறந்தவள், நடந்தே வந்து சொன்னாள். நான் போய்ச் சேர்ந்தபோது மண் மூடி, கல்லும் நட்டாயிற்று.

அந்தப் பக்கத்தைப் படித்ததிலிருந்து அம்மாவை நினைத்தால் மரம் வரவில்லை. அருவி வந்தது. மில்லில் கிழங்குப் பால் தொட்டியில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டால்கூட யாரோ உள்ளே விழுந்த மாதிரி எழுந்து போய் எட்டிப் பார்த்தேன். வேலைக்காரர்கள் முதலாளிக்கு என்ன ஆச்சு என்று பார்த்தார்கள். ஒரு அமாவாசையன்று டிரைவரைக் கூப்பிட்டு மலைக்கு விடச் சொன்னேன்.

அம்மாவின் கல்லைச் சுற்றி சிமெண்ட் மேடை போட்டிருந்தார்கள். மஞ்சள், குங்குமம், எலுமிச்சை. அருவி பார்க்க வந்த வெளியூர்க்காரர்கள் நின்று போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஒரு பெண் கையில் அந்த நாவல். ஊர்ப் பெண்கள் இலை போட்டுச் சாமைச் சோறு வைத்து, நாவலில் இருக்கிற பேரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். நான் இலையைப் பார்த்தேன். தண்ணீர் வைக்கவில்லை.

எங்கள் மலையில் யார் செத்தாலும் முதலில் தண்ணீர், அப்புறம்தான் சோறு. தண்ணீரில் போனவர்களுக்கு மட்டும் வைக்கமாட்டோம். வைத்தால் தண்ணீர் அவர்களை மறுபடி இழுக்கும், துணைக்கு ஊரில் ஒருத்தரையும் கேட்கும் என்பார்கள். அப்படியானால் என் அம்மாவுக்குச் சோறு மட்டும் வைத்துக்கொண்டிருக்கிறார்கள். கோடையில் மரத்தடியில் செத்தவளுக்கு.

சின்னம்மா மேடை ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். கண் மங்கிவிட்டது, வாய் மங்கவில்லை.

"யாரு, மில்லுக்காரனா? இன்னாடா, வழி தெரிஞ்சிச்சா?"

"இந்த ரோட்டுக்கு மண்ணு அடிச்சதே என் லாரிதான் சின்னம்மா."

"ஆமாமா. இந்த மலைய அடிச்சதும் நீதானா?"

பெண்கள் சிரித்தார்கள். நான் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"எங்கம்மா எப்டி செத்தா?"

"அருவில."

"நீதான வந்து சொன்ன, கடுக்கா மரத்துல இருந்து வுழுந்துட்டான்னு?"

"சொன்னேன். மாடு மேய்க்கிற புள்ளகிட்ட வேற இன்னாத்த சொல்றது?"

"அப்ப மரம் பொய்யா?"

அவள் முந்தானையை இழுத்து விட்டுக்கொண்டாள்.

"கத எழுதறவரு வந்தாருடா. இங்கியே தங்கிக்கினு எல்லார் வாயையும் கிண்டினாரு. நானும் சொன்னேன். முள்ளு எடுக்கறத நாந்தான் சொன்னேன். அப்புறம் புஸ்தகம் போட்டு எடுத்தாந்து படிச்சுக் காட்டினாரு. ஊரே அழுதுச்சு. நானும் அழுதேன். அன்னிலேர்ந்து கண்ண மூடினா அருவிதான்டா தெரியுது. மரம் தெரியவே இல்ல."

"கூட இருந்தது நீதான சின்னம்மா!"

"இருந்தேன். இப்ப யார் கூட இருந்தேன்னு தெரியல."

அலமாரி நிறைய நொச்சிமேடு வைத்திருக்கிறேன். எதையும் எடுத்து இவள் சொல்வது தப்பு என்று காட்ட முடியாது. மரத்திலிருந்து விழுந்த பெண்ணை எந்தச் சரித்திரமும் எழுதவில்லை. மரத்தைப் பார்த்த கண் உலகத்தில் இந்த ஒரு ஜோடிதான், அதற்குள்ளும் அருவி வந்துவிட்டது.

காரிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்து வந்தேன். மூடியைத் திறக்கும்போது பெண்கள் எழுந்துவிட்டார்கள்.

"பெரியவரே, வேணாங்க! இது குதிச்ச அம்மாங்க. தண்ணி ஆவாது."

"இது எங்கம்மா."

"இருக்கட்டுங்க. எங்க பசங்க தெனம் அருவிக்குப் போறானுங்க. எதுனா ஆச்சுன்னா நீங்களா வருவீங்க? நீங்க பாட்டுக்கும் கார்ல போய்டுவீங்க."

நியாயமான பேச்சு. பாங்கு மேனேஜரையும், பெரிய பெரிய வியாபாரிகளையும் ஒரே பேச்சில் மடக்கினவன் நான். அந்தப் பெண் என்னை மடக்கிவிட்டாள். மரம் என்றால் என் அம்மா இத்தனை வருஷமாகத் தொண்டை காய்ந்து கிடக்கிறாள். அருவி என்றால் நான் ஊற்றுகிற தண்ணீர் யார் வீட்டுப் பிள்ளையையோ கேட்கும். இதையெல்லாம் நம்புகிறவன் இல்லை என்று கீழே நான் சொல்லித் திரிகிறவன். அங்கே பாட்டிலைச் சாய்க்காமல் சின்னம்மா பக்கம் திரும்பினேன்.

"சின்னம்மா, ஊத்தவா வேணாவா?"

"என்னக் கேக்காதடா. எனக்குத் தெரியல."

ஊற்றினேன். அம்மாவின் சொந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டு ஊற்றினேன். எத்தனையோ காலம் கழித்து என் வாயில் அந்தப் பேர் வந்தது. கல்லின் மஞ்சள் கரைந்து சிமெண்டில் ஓடியது. போட்டோ எடுத்தவர்கள் போனைக் கீழே இறக்கினார்கள். ஒரு பெண் தன் பையனைத் தேடிக்கொண்டு அருவிப் பக்கம் ஓடினாள்.

சின்னம்மா கையை நீட்டினாள். "மிச்சத் தண்ணி கீதா? குடு." வாங்கிக் குடித்தாள். முகத்தைத் துடைத்துக்கொண்டாள். மரம் என்றும் சொல்லவில்லை, அருவி என்றும் சொல்லவில்லை.

கீழே வந்துவிட்டேன். புத்தகம் வாங்குவதை நிறுத்தவில்லை. ஆனால் மலையில் மழை என்று காதில் விழுந்தாலோ, லீவு நாளில் அருவியில் கூட்டம் என்றாலோ, எந்த வேலையில் இருந்தாலும் போனை எடுத்து நொச்சிமேட்டுக் கடைக்காரனைக் கூப்பிடுகிறேன்.

"எல்லாரும் கீறாங்களா?"

"கீறாங்க முதலாளி. ஏன், இன்னா விசயம்?"

"ஒண்ணுமில்ல. பசங்கள்லாம் வூட்டுக்கு வந்துட்டாங்களா பாரு. நான் லைன்லயே கீறேன்."

அவன் போய்ப் பார்த்துவிட்டு வருகிறவரைக்கும் போனில் அருவிச் சத்தம் கேட்டுக்கொண்டிருக்கும்.