பிரேக் எந்த விரலுக்கு?

திண்டுக்கல்லில் கம்ப்யூட்டர் பழுதுபார்க்கும் கடைக்காரரைச் சந்தித்தேன். ஒல்லியான ஆள். எந்தப் பொத்தானையும் கண்ணை மூடிக்கொண்டுதான் அழுத்திப் பார்ப்பார்.

கையில் பிடித்துப் பொத்தானை அழுத்தி ஆடும் என் பழைய கேம்பேடை, கம்ப்யூட்டரில் இருந்த கார் பந்தய விளையாட்டு ஏற்கவில்லை. வெட்கத்தில், அது என் வீட்டுக்காரருடையது என்று சொல்லிவிட்டேன்.

"இந்த சாப்ட்வேர் போட்டுட்டா, இது வேற கேம்பேடுன்னு கேம் நம்பிரும்க்கா. ஆனா பட்டனை ஆடுறவங்க விரலுக்குத் தக்கனதான் வைக்கணும். அவரை வரச் சொல்லுங்க."

விளையாடாமல் திரும்ப எனக்கு மனமில்லை. "ஆடுறது நான்தான் தம்பி" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. "பிரேக் எந்த விரலுக்கு வேணும்?" என்று கேட்டார்.

"பிரேக்கே வேணாம்."

அவர் அப்படியே அமைத்துக் கொடுத்தார். திரையில் கார் பாய்ந்தது. கடை என்பதையே மறந்து கத்தினேன். "வளைவு வருதுக்கா, வளைவு" என்று அவர் நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டார். அது வெறும் விளையாட்டு என்று என்னைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். பிறகு ஏன் அப்படிப் பதறினார்?